ஒயர் எட்டின இடம்

இந்தப் பக்கம் உக்காருங்க அம்மிணி. அங்க ஃபேன் காத்து வராதுங்க, நான் காலையில இருந்து ரெண்டு எடத்துலயும் உக்காந்து பாத்துட்டேன். டோக்கன் வாங்கிட்டீங்கல்ல? வாங்கலீன்னா அந்தக் கண்ணாடிக் கதவத் தட்டுங்க, ஒரு புள்ள வரும். நல்ல புள்ளதானுங்க, பேச்சுத்தான் கம்மி. என்ன கேட்டாலும் "பாத்துட்டுச் சொல்றோங்கய்யா"ன்னு உள்ள போயிரும்.

நீங்க என்ன கொண்டாந்திருக்கறீங்க? போனுங்களா. தண்ணியில உழுந்துருச்சா. அது பரவால்லீங்க, நனைஞ்சது காஞ்சா வந்துரும். என்றது பென்டிரைவுங்க. அது கருகிப்போச்சு. கருகுனது திரும்ப வராதுன்னு ஊருக்கெல்லாம் சொன்னவனே நாந்தானுங்க. கணபதி ஏரியாவுல, ஊட்டுக்குப் பக்கத்துலயே மோட்டார் காயில் கட்டற பட்டறை வெச்சிருக்கறேன். தோட்டத்துக்காரரு பம்புசெட் மோட்டாரத் தூக்கிட்டு வந்து எறக்குவாரு. நான் மோந்து பாத்தே சொல்லிப்போடுவேன், இது கருகிருச்சுங்க, முழுசா அவுத்துப் புதுசாக் கட்டோணும்னு. அப்படிச் சொன்னவன் இன்னிக்கு இங்க வந்து டோக்கனக் கையில வெச்சுட்டு உக்காந்திருக்கறேன் பாருங்க.

அதுக்குள்ள என்ன இருக்குதுன்னு கேக்கறீங்களா? என்ற பையன் பேச்சுங்க. பூபதின்னு பேரு. ஒரே பையன். போன வருசம் மழைக்காலத்துல பூனாவுல வண்டியில போகையில லாரிக்காரன் அடிச்சுப்போட்டுப் போயிட்டான். இல்லீங்க, நீங்க ஒண்ணும் சொல்ல வேண்டாம். எல்லாரும் என்ன சொல்றதுன்னு தெரியாம முழிக்கறாங்க, பாவம். என்ன சொன்னாத்தான் என்னங்க.

அவன் பேசி அனுப்புனது பூராம் அந்தப் பென்டிரைவுலதான் இருந்துச்சு. அவங்கம்மாளுக்குப் பேசுனதுங்க. எனக்கில்ல.

கோவமெல்லாம் இல்லீங்க. எனக்கு அவன் மேல ஒரே ஒரு கொறைதானுங்க. எடுத்த வேலய முடிக்க மாட்டான். டிப்ளமாவுல ரெண்டு பேப்பர் நின்னு போச்சு, எழுதறேன் எழுதறேன்னான், எழுதல. பட்டறைக்கு வாடான்னேன், ரெண்டு மாசம் வந்தான், ஸ்டார்டர் கட்டப் பழகுனான், அதோட நின்னுட்டான். கடைசியில இந்தக் கம்ப்யூட்டரு. இதையாச்சும் முழுசா முடிச்சிருந்தான்னா இன்னிக்கு நான் இங்க வந்து உக்காந்திருக்க வேண்டியதில்லீங்க. அதச் சொன்னா எங்க ஊட்டுக்காரி எந்திரிச்சு அக்கட்டால போயிருவா.

பட்டறைக்கு பில்லு போடறதுக்குன்னு ஒரு கம்ப்யூட்டர் வேணும்னு நாந்தான் சொன்னேன். கடையில வாங்கினா ஏமாத்திப்போடுவாங்கப்பா, நானே சாமான் வாங்கி மாட்டித் தர்றேன்னான். ஒவ்வொண்ணா வாங்கியாந்து ஊட்டுல பாய விரிச்சுப் பரப்பி வெச்சுக்கிட்டு உக்காந்தான். நெசமாச் சொல்றேன், கை நல்லா நின்னு வேல செஞ்சுதுங்க. திருப்புளி புடிக்கறது என்ற கை மாதிரியே இருந்துச்சு. அத நான் அவங்கிட்டச் சொன்னதில்ல. சொன்னா அதோட விட்டுப்போடுவான்.

ஒரு வெள்ளிக்கெழம பூசை போட்டு ஆரம்பிக்கறதுன்னு முடிவு பண்ணியாச்சுங்க. மச்சான் குடும்பமெல்லாம் காங்கயத்துல இருந்து வந்திருந்தாங்க. பத்தரைக்கு ராகுகாலம் வந்துரும். அதுக்குள்ள சுச்சப் போட்டாகோணும். இவன் பொட்டியத் தொறந்து வெச்சுக்கிட்டு, சாமானோட வந்த புக்கத் தேடறான். என்னடான்னா, "முன்னாடி யூஎஸ்பி ஒயர் ஒண்ணுதாம்ப்பா பாக்கி. ரெண்டு எடம் ஒண்ணு போலவே இருக்குது, மாத்தி மாட்டுனா சாமான் போயிரும், புக்கப் பாத்துத்தான் மாட்டோணும்"ங்கறான். நான், "அத அப்பறம் பாத்துக்கலாம்டா, நேரம் போகுது, மூடு மூடு"ன்னேன். மூடிட்டான். சந்தனம் குங்குமம் வெச்சோம், கற்பூரம் காட்டுனோம், சுச்சப் போட்டான், நல்லா எரிஞ்சுது.

அப்பப் பாருங்க, மச்சான் அவரு புள்ள காதுகுத்து போட்டாவெல்லாம் ஒரு பென்டிரைவுல கொண்டாந்திருந்தாரு. எல்லாரும் பாக்கலாம்னு குடுத்தாரு. நான் வாங்கி முன்னாடி இருக்கற ஓட்டையில சொருகுனேன். ஒண்ணும் வரல. மாத்திச் சொருகுனேன், வரல. பூபதி ஓடியாந்து, "அதுல வராதுப்பா, பின்னாடி சொருகோணும்"னு வாங்கிட்டுப் போயிக் குனிஞ்சு பின்னால சொருகுனான். எனக்குச் சங்கட்டமாப் போச்சுங்க. புதுப் பொட்டி. மூஞ்சியில ரெண்டு ஓட்டை வெச்சிருக்குது, ரெண்டும் சும்மா. அத்தன பேரு எதுக்கால, "இவன் எதத்தான் முழுசா முடிச்சிருக்கறான் மச்சான், இத முடிக்கறதுக்கு"ன்னு சொல்லிப்போட்டேன். தமாசுக்குத்தானுங்க. மச்சான் கூட சிரிச்சாரு. பூபதியும் சிரிச்சான். நான் பாத்தேன், சிரிச்சான். பந்தியில பாதிச் சோத்துல எந்திரிச்சுக் கை கழுவிட்டான், அது வவுறு செரியில்லன்னு அவங்கம்மாகிட்டச் சொன்னானாம்.

அந்த மாசமே பூனாவுல வேல கெடச்சுதுன்னு கெளம்பிட்டான். ஒயரு அப்படியே தொங்குது.

என்ன அம்மிணி அப்படிப் பாக்கறீங்க? ஆமாங்க, நாந்தான் மூடச் சொன்னேன். ராகுகாலம் வந்தா மூடாம என்ன பண்றது? அதுக்கப்பறம் எத்தன நாள் இருந்துச்சு, தொறந்து மாட்டியிருக்கலாம்ல. நான் வேண்டாம்னா சொன்னேன்?

போன்ல எங்கிட்டப் பேச மாட்டான். பேச மாட்டான்னா, "அம்மாகிட்டக் குடுங்க"ம்பான். நானும் குடுத்துருவேன். அவ பேசறப்ப நான் பக்கத்துலதான உக்காந்திருப்பேன், எங்க ஊட்டுல போன் இருக்கற எடம் அப்படி. அதனால ரெண்டு பேரும் நல்லா இருக்கறயா, நல்லா இருக்கறேன், அதோட வெச்சுருவாங்க. அதுக்குத்தான் இந்தப் பென்டிரைவ். அவனோட வேல பாக்கற பொள்ளாச்சிப் பையன் ஒருத்தன் லீவுக்கு வர்றப்பெல்லாம் கொண்டாந்து குடுப்பான். சும்மா பேசி வெச்சிருப்பானாமுங்க. சமையல் பண்ணிக்கிட்டே பேசுவானாம். இன்னிக்குப் பருப்பு கருகிப்போச்சு, மேல் ஊட்டு மராத்திக்கார அம்மா ஊறுகாய் குடுத்துச்சு, இப்படி. இவ கேட்டு முடிச்சுட்டு அத அந்தப் பையங்கிட்டயே திருப்பிக் குடுத்து அனுப்புவா, அவன் அதுலயே மறுக்காவும் பேசிச் சேத்து அனுப்புவான். பட்டறைக்கு நான் போனதுக்கப்பறம், காதுல ஒயர மாட்டிக்கிட்டு உக்காந்துக்குவா. எங்க சொருகறது, எங்க அமுக்கறதுன்னு அது மட்டும் அவளுக்குத் தெரியும், பூபதி சொல்லிக் குடுத்துட்டுப் போயிருந்தான். அந்தப் பேச்ச வேற எடத்துல காப்பி எடுத்து வெக்கலியான்னு ஆளாளுக்கு இப்பக் கேக்கறாங்க. அவளுக்கு என்னங்க தெரியும். அவனோட லேப்டாப்பும் வண்டியோட நசுங்கிப்போச்சு.

நான் கேட்டதில்லீங்க. ஒரு நாளும் கேட்டதில்ல. எனக்குப் பேசுனதில்லையே அது. அடுத்தவங்க பேச்ச நாம எதுக்குக் கேக்கோணும்?

அவன் போனதுக்கப்பறம் இவளுக்கு அது ஒண்ணுதானுங்க. சாமி ரூம்ல குங்குமச் சிமிழுக்குப் பக்கத்துல வெச்சிருப்பா. காலையில மேலுக்குத் தண்ணி வாத்துட்டு வந்து அத எடுப்பா. ஆனா முன்னாடிதான் வேல செய்யாதே. பின்னாடி ஓட்டை அந்தப் பலகையோடவே சேந்து வர்றதுங்க, மதர்போர்டும்பாங்க, அது மட்டும் எப்பவும் வேல செய்யும். அதுக்கு மேசைக்கு அடியில பூந்து, டார்ச்ச வாயில கடிச்சுக்கிட்டு, பொட்டிக்குப் பின்னால கைய உட்டுத் தடவித் தடவிச் சொருகோணும். அறுபது வயசுங்க அவளுக்கு. இடுப்பு புடிச்சுக்கும்.

நான் சொன்னேன், பக்கத்துக் கடைக்காரனக் கூப்பிட்டு அந்த முன்னாடி ஒயர மாட்டச் சொல்றேன்னு. வேண்டாங்கறா. ஏண்டின்னா, "அவன், அடுத்த தடவ வர்றப்ப நானே மாட்டித் தர்றேம்மா, வேற யாரையும் தொட உடாதன்னு பேசியிருக்கறானுங்க"ங்கறா. அது அந்தப் பேச்சுலயே இருக்குதாம். அதையே கேட்டுக் கேட்டு இவளுக்கு மனசுல என்னமோ ஆயிப்போச்சு. நான் ஒரு நா எரிச்சல்ல, "செத்தவன் வந்து மாட்டுவானா"ன்னு கேட்டுப்போட்டேன். அடுப்புல பால் பொங்குச்சு, போயி எறக்கி வெச்சா. நடப்ப யாராச்சும் சொல்லித்தானுங்க ஆகோணும்.

அப்பறம் ஒரு நா மத்தியானம் சோத்துக்கு ஊட்டுக்கு வர்றேன், ஆளக் காணோம். பாத்தா மேசைக்கு அடியில உக்காந்திருக்கறா. குனிஞ்சவளுக்கு எந்திரிக்க முடியல. காலையில இருந்து அப்படியே கெடக்கறா. ஏண்டி சத்தம் போட்டிருந்தா பட்டறைக்குக் கேட்டிருக்குமேன்னா, "பேச உட்டுட்டு, ஆடுதேன்னு அழுத்தி உட மறுக்காக் குனிஞ்சப்பத்தானுங்க இடுப்பு புடிச்சுது, அவன் பேசிட்டேதான இருந்தான், எனக்கொண்ணும் தெரியல"ங்கறா. கையக் குடுத்துத் தூக்கி உக்கார வெச்சேன். ஒடம்பு தூக்க லேசா இருந்துச்சுங்க. முந்தியெல்லாம் அப்படி இருக்காது.

அதுக்காக நான் அந்த வேலயச் செய்யலீங்க, நீங்க தப்பா நெனச்சுக்காதீங்க. மேசைய இழுத்து இழுத்துத் தரையில டைல்ஸு கீறலாகுது. அதான்.

அவ பொறந்தவன் ஊருக் கோயில் நோம்பிக்குப் போயிருந்தா. நான் பொட்டியத் தொறந்தேன். சுச்ச நிப்பாட்டி, ஒயரப் புடுங்கி, எல்லாம் முறையாத்தானுங்க செஞ்சேன். உள்ள அந்த ஒயரு தொங்கிட்டு இருக்குது. மொனையில ஒரு சின்னச் சொருகி. தூசி படாம இருக்கட்டும்னு அதுக்கொரு பிளாஸ்டிக் கவரு போட்டு ரப்பர் பேண்ட் சுத்தி வெச்சிருந்தான். பரவால்லியே, இவ்வளவு நிதானம் இருந்துச்சா இவனுக்குன்னு நெனச்சேன். ரப்பர் பேண்ட் தொட்ட ஒடனே பொடியா உதுந்துருச்சுங்க.

பலகையில பாத்தா, சின்னச் சின்னப் பின்னு நட்டு வெச்ச எடம் ரெண்டு இருக்குது. ரெண்டுலயும் ஒம்போது ஒம்போது பின்னு. ஒரு மூலையில ஒரு பின்னு இல்லாம இருக்கும், ரெண்டுலயும் அதே மாதிரி. சொருகியிலயும் அந்த எடத்துல ஓட்டை அடைச்சிருக்குது. ஆக ரெண்டுலயும் உக்காரும். ஒண்ணு ஒயருக்குப் பக்கத்துல, நல்லாத் தளர்வா எட்டுது. இன்னொண்ணு அந்தக் கடைசியில, ஒயர முறுக்கா இழுத்தாத்தான் எட்டும். எங்க தொழில்ல மொதப் பாடம் என்ன தெரியுங்களா? ஒயர இழுத்து மாட்டக் கூடாது. எந்த எடத்துக்குத் தளர்வா எட்டுதோ அதுக்குத்தான் அந்த ஒயர வெட்டியிருப்பாங்க. முப்பது வருசமா அது தப்புனதில்ல. நான் பக்கத்துல இருக்கறதுலயே குத்துனேன். நல்லா கச்சிதமா உக்காந்துச்சு. ஒயரக் கட்டி, ஓரமா ஒதுக்கி, அழகா இருந்துச்சுங்க. பூபதி பாத்திருந்தா ஒத்துக்கிட்டிருப்பான்.

நான் மாட்டுனதப் பத்திச் சொன்னதும் இந்தக் கடைப் புள்ள சொல்லுது, பக்கத்துல இருந்தது வேற என்னத்துக்கோ உள்ளதாம், வீடியோ கேமரா மாட்டறதுக்காம், அதுல பன்னெண்டு வோல்ட் வருமாம், பென்டிரைவு அஞ்சு வோல்ட்டுதான் தாங்குமாம். பக்கத்துல பொடி எழுத்துல நம்பர் போட்டிருக்குமே, பாக்கலீங்களாய்யாங்குது. நம்பரா? ரெண்டு வேற வேற வோல்ட்டுக்கு ஒரே மாதிரிப் பின்னு வெச்சவன எதுல சேத்தறது? எங்க பட்டறையில அப்படி வெச்சா ஆளே செத்துப்போவானுங்க. ரெண்டு எடம் ஒண்ணு போல இருக்குது, மாத்தி மாட்டுனா போயிரும்னு யாராச்சும் ஒரு வார்த்த சொல்லியிருக்கோணுமில்ல.

என்னுங்க? யாரு, பூபதியா?

அது... அது அன்னிக்கு அவசரத்துல என்னமோ சொன்னானுங்க. அதெல்லாம் சொன்னதுல சேத்தியா? ஒக்கார வெச்சு, அப்பா இங்க பாருங்கன்னு சொல்லோணும். அப்படிச் சொன்னா நான் கேக்காமயா இருந்திருப்பேன்.

அவ நோம்பி முடிஞ்சு வந்தாளுங்க. பொட்டிய நல்லாத் தொடச்சு, முன்னாடி அந்த ரெண்டு ஓட்டைக்கு மேல சந்தனப் பொட்டு கூட வெச்சிருந்தேன். பட்டறையில எந்த மோட்டாரையும் நான் ஓட்டிப் பாக்காம வெளிய அனுப்ப மாட்டேன். இதையும் ஓட்டிப் பாத்திருக்கலாம், பட்டறைப் பென்டிரைவு ஒண்ணு மேசை மேலயே கெடந்துச்சு. ஆனா மொத மொதல்ல அவ கையால ஆகட்டும்னு இருந்துட்டேன். "இனி நீ குனிய வேண்டாம், முன்னாடியே சொருகு"ன்னேன். அவ பொட்டியப் பாத்தா. என்னையப் பாத்தா. "யாரு மாட்டுனது"ன்னா. "நாந்தான்"னேன். அந்தச் சந்தனப் பொட்ட வெரலால தொட்டுட்டே நின்னா. நான் சந்தோசத்துல நிக்கறான்னு நெனச்சேன். அப்பறம் சாமி ரூமுக்குப் போயி எடுத்தாந்து, சொருகுனா.

சின்னதா ஒரு வாசன வந்துச்சுங்க.

எனக்கு அந்த வாசன தெரியாதுங்களா அம்மிணி. தூக்கத்துல கூடத் தெரியும். அவளுக்குத் தெரியல. காதுல ஒயர மாட்டிக்கிட்டு, திரையப் பாத்துட்டு உக்காந்திருக்கறா. "கொஞ்சம் லேட்டாகுது"ங்கறா. நான் ஆமாங்கறேன். "முன்னாடி சொருகுனா லேட்டாகுமாட்ட இருக்குது"ங்கறா. அதுக்கும் ஆமாங்கறேன். எவ்வளவு நேரம் அப்படி உக்காந்திருந்தான்னு தெரியல, நான் சொவத்துப் பக்கம் திரும்பிட்டேன். அப்பறம் புடுங்கி எடுத்தா. "சுடுதுங்க"ன்னா. உள்ளங்கையில வெச்சு ஊதறா. காச்சல் கண்ட கொழந்தையத் தொட்டுப் பாக்கற மாதிரி கன்னத்துல வெச்சுப் பாக்கறா. ஆறட்டும்னு சிமிழ் பக்கத்துல கொண்டு போயி வெச்சா. ஆறுனதும் எடுத்து, மேசைக்கு அடியில பூந்து, பின்னாடி சொருகிப் பாத்தா. நான் வேண்டாம்னு சொல்றதுக்குள்ள பூந்துட்டா. அடியில இருந்து, "பேச மாட்டேங்கறான்"னா.

அன்னிக்கிருந்து என்ற கூட வாயத் தொறக்கறதில்ல. திட்டுனாக் கூடப் பரவால்லீங்க. சோறு போட்டு வெச்சுட்டுப் போயிருவா. குழம்பு வேணுமான்னு கூடக் கேக்கறதில்ல. நான் ஒரு நா தாங்க மாட்டாம, "உன் பையன் அன்னிக்கே முடிச்சிருந்தா இப்படி ஆகியிருக்குமாடி"ன்னு கேட்டேன். அப்பத்தான் ஒரே ஒரு வார்த்த சொன்னா. "அவன் முடிக்காம உட்டது அப்படியே இருந்திருக்கலாமுங்க, அதான் நல்லா இருந்துச்சு"ன்னா. அது என்ன பேச்சுன்னு எனக்கு இன்னும் புரியலீங்க. முடியாத வேல எப்படீங்க நல்லா இருக்கும்?

செரி, இந்தக் கடையில பாப்பாங்கன்னு பொள்ளாச்சிப் பையந்தான் சொன்னான். மேல இருக்கற துண்டுதான் கருகியிருக்குமாம், பேச்சு தங்கற சில்லு தனியாம், அது தப்பிச்சிருந்தா எடுத்துப்போடலாமாம். போன வாரம் குடுத்துட்டுப் போனேன். இன்னிக்கு வரச் சொன்னாங்க. அவகிட்டச் சொல்லல. அன்னிக்கே சிமிழ் பக்கத்துல பட்டறைப் பென்டிரைவ வெச்சுட்டேன், பாத்தாத் தெரியாதுங்க, ரெண்டும் ஒண்ணு போலத்தான் இருக்கும்.

கதவு தொறக்குது பாருங்க. உங்களையா, என்னையா?

என்னையத்தானுங்க. "தெய்வசிகாமணி அய்யா"ங்குது. ஆமா புள்ள, நாந்தான். என்னது? பூராம் வரலியா. செரி. கொஞ்சம் வந்திருக்குதா. ஒரு பேச்சா ரெண்டு பேச்சா? ஒண்ணு. செரி, ஒண்ணு வந்தாலும் செரி. உள்ள வந்து கேட்டுட்டு, பையன் கொரல்தானான்னு சொல்லோணுமா. நான் சொன்னாத்தான் அத வேற பென்டிரைவுல காப்பி பண்ணித் தருவீங்களா.

இதோ வர்றேன் கண்ணு. ஒரு நிமிசம்.

அம்மிணி, நீங்க என்ற கூட ஒரு எட்டு உள்ள வர்றீங்களா? உங்க டோக்கனுக்கு இன்னும் நேரம் இருக்குது. இல்லீங்க, காது எனக்கு நல்லாக் கேக்கும், மோட்டார் சத்தத்துல கூட நல்லாக் கேக்கும். அது வந்துங்க, அவன் பூனாவுக்குப் போன இத்தன வருசத்துல எங்கிட்டப் பேசுனது "அம்மாகிட்டக் குடுங்க" அவ்வளவுதான். நெறையாப் பேசுனா அவன் கொரல் எப்படி இருக்கும்னு எனக்கு நிச்சயமாத் தெரியலீங்க. வேற பையன் பேசுனாலும் ஆமான்னு சொல்லிப்போடுவேன்.

நீங்க மொதல்ல காதுல மாட்டிக் கேளுங்க. நான் உங்க மூஞ்சியப் பாத்துட்டு நிக்கறேன். அவன் என்ன வேணாலும் பேசிட்டுப் போகட்டும், ஊறுகாயப் பத்திப் பேசட்டும். எங்கியாச்சும் அப்பான்னு ஒரு வார்த்த வந்துச்சுன்னா, எனக்குக் கையக் காமிங்க. நான் வாங்கிக் கேட்டுக்கறேன்.

வரலீன்னா, சத்தம் செரியாக் கேக்கலீங்கன்னு சொல்லிப்போடுங்க. அந்தக் கருகுன எடத்துல போயிருக்குமாட்ட இருக்குதுன்னு சொல்லுங்க. நான் நம்பிக்கறேன்.